கை வைக்காதீர்

என் மனைவி பதினான்காம் தேதி வியாழக்கிழமை காலை பத்து இருபதுக்கு இறந்தாள். அதற்கு ஒரு மணி நேரம் முன்பு எங்கள் மகள் பிறந்திருந்தாள். நகராட்சி கொடுத்த இறப்புச் சான்றிதழில் தேதி பதினொன்று என்று இருந்தது.

நான் லிஃப்ட் மெக்கானிக். பொறியியல் படித்துவிட்டு ஆறு வருடமாக இந்த வேலை. ஓர் எண் தப்பாக இருந்தால் திருத்த வேண்டும். திருத்தாவிட்டால் மூன்றாவது மாடிக்குப் போக நினைத்தவர் நான்காவது மாடியில் அடுத்தவர் வீட்டுக் கதவைத் தட்டுவார். இதற்கு மேல் எனக்குத் தத்துவம் தெரியாது. சான்றிதழை எடுத்துக்கொண்டு இறப்புப் பதிவு ஜன்னலுக்குப் போனேன்.

ஜன்னலுக்குப் பின்னால் இருந்த எழுத்தர் நல்ல மனிதர். காகிதத்தை வாங்கி, கையை நீட்டித் தூரத்தில் பிடித்துப் படித்து, திருப்தியோடு திருப்பிக் கொடுத்தார்.

“சரியாத்தானே இருக்கு சார்? இந்த வாரத்துல போனவங்க எல்லாருக்கும் பதினொண்ணுதான்.”

“எல்லாருக்குமா?”

“திங்கட்கிழமை காலையில நூறு படிவத்தை அடுக்கி வச்சு, தேதி முத்திரைய டப்பு டப்புன்னு குத்தி, கையெழுத்தையும் போட்டு வச்சிடுவேன். வாரம் பூரா ஓடும். ஆள் வந்தா பேரை மட்டும் எழுதிக் கொடுத்தாப் போதும்.”

“தினமும் தேதியை மாத்தலாமே?”

அவர் முத்திரையை எடுத்துக் காட்டினார். மரக் கைப்பிடி, ரப்பர் எண்கள், பக்கவாட்டில் திருப்புவதற்குச் சின்னச் சக்கரம். “தினமும் திருப்பினா ரப்பர் தேஞ்சிடும் சார். இதுக்கு முந்தின முத்திரை நாலே வருஷத்துல போயிடுச்சு. இது பதினோரு வருஷமா உழைக்குது. இதுவரைக்கும் ஒரு ஆள் வந்து, ‘நான் செத்தது புதன்கிழமைய்யா’ன்னு கேட்டிருப்பானா?”

சிரித்தார். பிறகு என் முகத்தைப் பார்த்து, சிரிப்பைப் பாதியில் விழுங்கினார். “வேணும்னா வேற போட்டுத் தரேன். ஒரு நிமிஷ வேலை” என்று புதுப் படிவத்தைத் தேட ஆரம்பித்தார்.

அந்த ஒரு நிமிடத்தில்தான் நான் தப்பு செய்தேன். நேரத்தை மிச்சம் பிடிக்கலாம் என்று பக்கத்துப் பிறப்புப் பதிவு ஜன்னலில் மகளின் விண்ணப்பத்தைக் கொடுத்தேன். பழைய சான்றிதழும் அதோடு சேர்ந்து போய்விட்டது.

பிறப்புப் பதிவாளர் அம்மா கறாரானவர். தன் முத்திரையைத் தினமும் காலை ஒன்பதரைக்குத் துணியால் துடைத்துத் தேதியைத் திருப்புகிறவர். இரண்டு காகிதத்தையும் அருகருகே வைத்துப் பார்த்தார்.

“குழந்தை பிறந்தது பதினாலு. அம்மா இறந்தது பதினொண்ணு. செத்து மூணு நாள் கழிச்சுப் பெத்தாங்களா?”

“பக்கத்துல அவர் தேதியைத் திருப்பலைங்க. இப்ப மாத்தித் தரேன்னு சொல்லியிருக்கார்.”

“அவர் மேஜையில அவர் பேசட்டும். என் மேஜையில பேப்பர்தான் பேசும்” என்று கணினியில் ஏதோ ஒரு பொத்தானை அழுத்தினார்.

இறப்பு எழுத்தர் எட்டிப் பார்த்தார். “ஐயையோ, முரண் பொத்தானை அமுக்கிட்டீங்களா?”

“சுற்றறிக்கை இருக்கே.”

“பத்தொம்போது வருஷமா இருக்கு. யாராவது அமுக்கினாங்களா?”

“நான் அமுக்கினேன்” என்றார் அந்த அம்மா. அவர் குரலில் பெருமை இருந்தது.

முக்கால் மணி நேரத்தில் ஒரு வெள்ளை வேன் வந்தது. கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நான்கு பேர் இறங்கினார்கள். அவர்களுக்குப் பின்னால், கையை வீசிக்கொண்டு, ஐந்தாவதாக ஒருவர். என் மனைவியின் சான்றிதழ், தேதி முத்திரை, மைப்பெட்டி மூன்றையும் அந்த ஐந்தாவது ஆள் ஒரு பெட்டியில் எடுத்து வைத்துக்கொண்டார். அவர் கழுத்தில் தொங்கிய அட்டையில் பதவியின் பெயர் இருந்தது: ‘கை (நிரந்தரம்)’.

காலமுரண் ஆய்வு நிறுவனத்தைப் பற்றி நான் தெரிந்துகொண்டது அப்படித்தான்.

அவர்களுடைய கோட்பாட்டைச் சுருக்கமாகச் சொல்கிறேன். விரிவாகச் சொல்ல அவர்களிடம் நாற்பத்தொரு தொகுதிகள் இருக்கின்றன. ஒருவன் காலத்தில் பின்னோக்கிப் போகிறான். எந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு அவன் கிளம்பினானோ, அந்தக் கடிதத்தையே அங்கே கிழிக்கப் பார்க்கிறான். கிழித்துவிட்டால் அவன் கிளம்பியிருக்கவே மாட்டான். கிளம்பாவிட்டால் கடிதம் கிழியாது. அப்போது என்ன ஆகும்? காலம் பார்த்துக்கொள்ளும் என்றார் நிறுவனத்தைத் தொடங்கிய பேராசிரியர். அவனுக்குத் தும்மல் வரும், அல்லது காற்று கடிதத்தைப் பறித்துக்கொண்டு போகும், அல்லது வேறு ஏதோ. காலத்தில் விழும் முரண் எதுவானாலும் தானே தீரும். ஒரே நிபந்தனை, யாரும் கை வைக்கக் கூடாது. கை வைத்தால் முடிச்சு இறுகிவிடும்.

இதை நிரூபிக்க ஒரு நிறுவனம் தேவைப்பட்டது. யாரும் கை வைக்காமல் பார்த்துக்கொள்ள இருநூற்றுப் பன்னிரண்டு பேர் தேவைப்பட்டார்கள். எல்லாம் கிடைத்துவிட்டது, முரணைத் தவிர. பத்தொன்பது வருடமாக ஒன்றுகூடச் சிக்கவில்லை.

என் மகள்தான் முதல்.

நிறுவனம் ஐந்து மாடி. வாசலில் ‘கை வைக்காதீர்’ என்று ஓர் ஆள் உயரத்துக்கு எழுதியிருந்தது. உள்ளே போகிறவர்களுக்கு விரல் பிரிவு இல்லாத தடித்த பஞ்சுக் கையுறை மாட்டிவிட்டார்கள். அதோடு நான் குழந்தையைத் தூக்கிக்கொள்ள வேண்டும்.

“எப்படிங்க பிடிக்கிறது?” என்றேன்.

“அணைச்சுக்கலாம். பிடிக்கத்தான் கூடாது” என்றார் காவலாளி.

லிஃப்ட் இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் நடுவில் நின்றிருந்தது. கதவில் ஒரு பலகை: ‘இந்த லிஃப்ட் தானே சரியாகும்.’ பலகையின் ஓரம் துருப்பிடித்திருந்தது.

“எத்தனை நாளா நிக்குது?”

“ஆறு வருஷம். நல்ல முன்னேற்றம் தெரியுதுன்னு சொல்றாங்க.”

படியேறினேன். ஐந்தாவது மாடியில் இயக்குநர் அறை. இயக்குநர் கைகளைப் பின்னால் கட்டியபடி எழுந்து நின்று வரவேற்றார். மேஜையில் என் கோப்பு திறந்திருந்தது. பக்கத்தில் குனிந்து நின்ற உதவியாளர் பக்கங்களை வாயால் ஊதிப் புரட்டினார். இரண்டு பக்கம் சேர்ந்து புரண்டால் எதிர்ப்பக்கம் போய் நின்று ஊதினார்.

“இதுதானா அது?” என்று இயக்குநர் என் மகளைப் பார்த்தார். கண் கலங்கியது. “பத்தொம்போது வருஷம் தம்பி. எங்க பேராசிரியர் இதைப் பார்க்காமலே போயிட்டார்.”

“சார், அது எழுத்தரோட பிழை. தேதியை மாத்திட்டா முடிஞ்சுது. குழந்தைக்குப் பிறப்புச் சான்றிதழ் வேணும். அது இல்லாம தடுப்பூசி போட மாட்டேங்கிறாங்க. பகல்நேரக் காப்பகத்துல சேர்க்க மாட்டேங்கிறாங்க. நான் வேலைக்குப் போகணும்.”

“பிழைன்னு சொல்றீங்க. யார் பிழை? காலத்தோட பிழை. ஒரு முரண் எழுத்தர் வழியா வெளிப்பட்டிருக்கு. நியூட்டனுக்கு ஆப்பிள் வழியா வெளிப்படலையா? அதுக்காக ஆப்பிளைத் திருப்பி மரத்துல ஒட்டுவீங்களா?”

உதவியாளர் ஊதுவதை நிறுத்திவிட்டுத் தலையாட்டினார். அந்தக் கட்டடத்தில் யாரும் கைதட்டுவதில்லை. அதுவும் கை வைத்தல்தான் என்று ஒரு துணைவிதி இருக்கிறது.

“இப்ப மூணு வழி இருக்கு தம்பி” என்றார் இயக்குநர். “ஒண்ணு, அம்மா இறக்கலை. திரும்பி வருவாங்க. ரெண்டு, குழந்தை பிறக்கலை. கொஞ்சம் கொஞ்சமா இல்லாமப் போகும். மூணு, அப்பாவா இருக்கற நீங்க ஒரு கணக்குப் பிழை. உங்களுக்கு எதாவது வித்தியாசமா இருக்கா? லேசா இருக்கற மாதிரி?”

“இருக்கு” என்றேன். உண்மைதான். ஆனால் அது முரணால் இல்லை.

“குறிச்சுக்கோ” என்றார். உதவியாளர் பல்லால் பேனாவைக் கடித்துக்கொண்டு எழுதினார்.

“நாங்க ரெண்டாவது வழியைத்தான் எதிர்பார்க்கறோம். ஆனா நீங்க எதுக்கும் வீட்டுக் கதவைத் தாழ் போடாம வைங்க. முதல் வழியையும் நாம தடுக்கக் கூடாது பாருங்க. எல்லாம் தானா சரியாயிடும்.”

அந்தச் சொல்லை நான் முன்பே ஒரு முறை கேட்டிருந்தேன். பதினான்காம் தேதி காலை, மருத்துவமனை நடைபாதையில். உள்ளே இரத்தம் நிற்கவில்லை என்று யாரோ சொல்லிக்கொண்டு ஓடினார்கள். நான் எழுந்தேன். வெளியே வந்த டாக்டர், “அது தானா நின்னுடும். நீங்க உள்ள வராதீங்க, உட்காருங்க” என்றார். உட்கார்ந்தேன்.

வாரம் ஒரு முறை குழந்தையை எடைபோடக் கொண்டுவரச் சொன்னார்கள். முதல் வாரம் மூன்று கிலோ நூறு கிராம். கண்காணிப்பாளர்கள் இருவர் முள்ளையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒருவர் குண்டு, ஒருவர் ஒல்லி. இரண்டாவது வாரம் மூன்று கிலோ நானூறு. இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

“ஏறியிருக்கே” என்றார் குண்டர்.

“பால் கொடுக்கறோம்” என்றேன்.

“அதுதான் பிரச்சினை.”

நான்காவது வாரம் மூன்று கிலோ தொள்ளாயிரம். இயக்குநருக்குப் போன அறிக்கையில், ‘குழந்தை கோட்பாட்டுடன் ஒத்துழைக்கவில்லை’ என்று எழுதியிருந்தது. எனக்கு ஒரு நகல் அனுப்பினார்கள். விளக்கம் கேட்டிருந்தார்கள்.

சுகாதார நிலையத்தில் நர்சம்மா கையில் ஊசியை வைத்துக்கொண்டே, “பதிவாகலையே. பிறக்காத குழந்தைக்கு எந்தக் கணக்குல போடறது? முரண் தீரட்டும், உடனே போட்டுடலாம். ஆனா எட்டு வாரம் தாண்ட விடாதீங்க. பக்கத்துத் தெருவுல ரெண்டு குழந்தைக்குக் கக்குவான் வந்திருக்கு” என்றார்.

வீட்டில் குழந்தையைப் பார்த்துக்கொண்டது என் மனைவியின் அக்கா. செருப்புக் கடையில் இருப்பு சரிபார்க்கும் வேலை. ஜோடி சேராத செருப்பைக் கண்டால் தூக்கம் வராது. எட்டு வாரம் விடுப்பு எடுத்திருந்தாள். அது முடிந்ததும் குழந்தையைக் காப்பகத்தில் விட வேண்டும். சான்றிதழ் இல்லாமல் காப்பகம் கதவைத் திறக்காது.

“ஏன் மாப்பிள்ளை கதவுத் தாழ் தெறந்தே கெடக்கு?” என்று கேட்டாள்.

சொன்னேன்.

அக்கா குழந்தையைத் தொட்டிலில் கிடத்தினாள். பிறகு, “ஒண்ணுமே பண்ணக் கூடாதுன்னு சபதம் எடுத்தவன்கிட்ட போய், ஏதாவது பண்ணுங்கன்னு வாராவாரம் கேட்டுட்டு வர்றீங்களே, உங்களைச் சொல்லணும்” என்றாள். எழுந்து போய்த் தாழ் போட்டாள்.

அதுவரை ஒரு வாரம் திறந்தே இருந்தது. திருடன்கூட வரவில்லை.

இதற்கிடையில் நகரத்தில் வேறொன்று நடந்தது. தேதி முத்திரை நிறுவனத்தில் இருந்ததால் இறப்புப் பிரிவில் யாருக்கும் சான்றிதழ் கொடுக்க முடியவில்லை. ஆறு வாரமாக ஊரில் யாரும் சாகவில்லை. நகராட்சித் தலைவர் கூட்டம் போட்டு, தன் நிர்வாகத்தில் இறப்பு விகிதம் பூஜ்யமாகிவிட்டது என்று அறிவித்தார். கூட்டத்துக்கு வந்தவர்களில் பதினேழு பேர் துக்க வீட்டிலிருந்து நேராக வந்தவர்கள். அவர்களும் கைதட்டினார்கள்.

ஏழாவது வாரம் எடைபோடப் போனபோது மகள் என் தோளில் தூங்கிவிட்டாள். இரண்டாவது மாடியில் மூச்சு வாங்க நின்றேன். எதிரே லிஃப்ட் கதவு. பழக்கம் விடவில்லை. இடுக்கில் பார்த்தேன். கதவு முழுதாக மூடினால்தான் மின்சாரம் பாயும். மூடும் இடத்தில் ஒரு செப்புத் தொடுப்பு இருக்கும். அதற்கு நடுவில் மடித்த காகிதம் ஒன்று சொருகியிருந்தது. ஆறு வருடமாக அந்த லிஃப்ட் தன் கதவு திறந்திருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறது.

வலது கையுறையைப் பல்லால் கடித்துக் கழற்றினேன். பாக்கெட்டில் எப்போதும் இருக்கும் சின்னத் திருப்புளியை விட்டு நெம்பினேன். காகிதம் வந்தது. பிரித்துப் பார்த்தேன். ‘கை வைக்காதீர்’ விளக்கக் கையேடு, பக்கம் மூன்று.

லிஃப்ட் ஒரு முறை முனகிவிட்டுக் கீழே இறங்கிப் போனது.

பத்து நிமிடத்தில் கட்டடமே படிக்கட்டில் இருந்தது. இயக்குநர் மேலிருந்து ஓடி வந்தார், கைகளைப் பின்னால் கட்டியபடி, இரண்டு முறை விழப் பார்த்து.

“நான்தான் சரிபண்ணினேன்” என்றேன். “கதவுத் தொடுப்புல இது இருந்துச்சு.”

அவர் காகிதத்தைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார், பரிதாபப்படுவது போல. “நீங்க சரிபண்ணினதா உங்களுக்குத் தோணுது. அது இன்னிக்குச் சரியாகறதா இருந்துச்சு. அந்த நேரம் பார்த்து நீங்க பக்கத்துல நின்னீங்க. சூரியன் உதிக்கறப்போ சேவல் கூவுது. சேவல் விடுப்புக் கேட்டா சூரியன் வராதா?”

கூட்டம் தலையாட்டியது. இருநூறு பேர் தலையாட்டினால் எப்படிச் சத்தம் வரும் என்று கேட்காதீர்கள். வராது. வெறும் காற்று மட்டும்.

“ஆறு வருஷம் நாம பொறுத்தோம்” என்றார் இயக்குநர் கூட்டத்திடம். “எத்தனை பேர் சிரிச்சாங்க! ஒரு மெக்கானிக்கைக் கூப்பிடுங்கன்னு அரசாங்கமே கடிதம் போட்டுச்சு. மெக்கானிக் வந்திருந்தா இது சரியாகியிருக்குமா?”

“ஆகியிருக்காது!” என்றார்கள்.

அந்த மெக்கானிக் அவர்களுக்கு நடுவில் தூங்கும் குழந்தையோடு நின்றுகொண்டிருந்தான். மறுநாளே அங்கே கல்வெட்டு வைத்தார்கள். ‘தானே சரியானது’ என்று தேதியோடு.

கீழே இறங்கும்போதுதான் எனக்கு உறைத்தது. இவர்கள் கண்ணெதிரே நான் எதைச் செய்தாலும் அதை நான் செய்யவில்லை. இவ்வளவு வசதியான ஊரில் ஏழு வாரமாக நான் கெஞ்சிக்கொண்டிருந்திருக்கிறேன்.

நேராக இறப்பு எழுத்தரிடம் போனேன். முத்திரை இல்லாவிட்டாலும் அவர் திங்கட்கிழமைதோறும் நூறு படிவத்தில் கையெழுத்துப் போட்டு அடுக்கிக்கொண்டுதான் இருந்தார். எழுநூறு சேர்ந்துவிட்டது.

“தேதி இல்லாம ஒண்ணு வேணும்” என்றேன்.

அவர் இரண்டு பக்கமும் பார்த்தார். பக்கத்து ஜன்னலில் அந்த அம்மா முத்திரையைத் துடைத்துக்கொண்டிருந்தார். எழுத்தர் ஒரு படிவத்தை மேஜை விளிம்புவரை தள்ளிவிட்டு, கூரையைப் பார்த்துச் சொன்னார்: “நான் எதுவும் கொடுக்கலை சார். காத்துல பறந்து தானா உங்க பைக்குள்ள விழுந்துச்சு. நீங்களே பார்த்தீங்க இல்ல?”

“பார்த்தேன்.”

“சீக்கிரம் என் முத்திரைய விடுவிச்சுக் கொடுங்க சார். ஜனங்க செத்துச் செத்து வந்து வரிசையில நிக்கறாங்க.”

என் மனைவியின் பெயரை நானே எழுதினேன். என் கையெழுத்து அத்தனை நன்றாக எப்போதும் வந்ததில்லை.

முரண், நான்காவது மாடியில் ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்தது. சான்றிதழ், பக்கத்தில் முத்திரை, பக்கத்தில் மைப்பெட்டி. பூட்டு கிடையாது. பூட்டுவதும் திறப்பதும் கை வைத்தல். குண்டரும் ஒல்லியும் இரண்டு பக்கமும் உட்கார்ந்து, கால் மணிக்கு ஒரு முறை பதிவேட்டில் ‘மாற்றமில்லை’ என்று எழுதினார்கள். எழுதுவதற்கு மட்டும் அவர்களுக்கு இடது கை அனுமதி இருந்தது.

மறுநாள் பதினொரு மணிக்குப் போய் நின்றேன். குழந்தையை அக்காவிடம் விட்டு வந்திருந்தேன்.

“டீ நேரம்” என்றார் குண்டர். பதினொன்று, பதினொன்றே கால், பதினொன்றரை மூன்றுக்கும் சேர்த்து ‘மாற்றமில்லை’ என்று எழுதினார். “தம்பி, நீங்க பார்த்துக்கிட்டு இருங்க. கையுறை போட்டிருக்கீங்கல்ல?”

“போட்டிருக்கேன்.”

இருவரும் போனார்கள்.

கையுறையைக் கழற்றினேன். கண்ணாடியைத் தூக்கினேன். முத்திரையைக் கையில் எடுத்தேன். ஏழு வாரமாக அது பதினொன்றிலேயே நின்றிருந்தது. சக்கரத்தைக் கட்டைவிரலால் திருப்பினேன். பன்னிரண்டு. அன்று அவள் தொட்டிலுக்குத் துணி வெட்டினாள். பதின்மூன்று. அன்று பெண்ணாக இருந்தால் என்ன பெயர் என்று முடிவு செய்தாள். என் யோசனைகளையெல்லாம் கேட்டுவிட்டு, “ஆளைக் கூப்பிடற மாதிரியே இல்லையே, லிஃப்ட் கம்பெனி மாதிரி இருக்கு” என்று சிரித்தாள். பதினான்கு.

மையில் ஒற்றி, குத்தினேன்.

புதியதை உள்ளே வைத்து, பழையதை மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். முத்திரையைப் பழைய இடத்தில் படுக்க வைத்தேன். மொத்தம் நாற்பது வினாடி ஆகியிருக்கும். இந்த நாட்டில் அந்த வேலைக்கு ஏழு வாரமும் இருநூற்றுப் பன்னிரண்டு பேரும் தேவைப்பட்டிருந்தார்கள்.

அவர்கள் திரும்பி வந்தபோது நான் கையுறையோடு நின்றிருந்தேன். ஒல்லி உட்கார்ந்தார். பார்த்தார். எழுந்தார். “பதினாலு” என்றார். குண்டர் இயக்குநரைக் கூப்பிட ஐந்தாவது மாடிக்கு ஓடினார்.

அந்த ஒரு கணம் எனக்குப் பயமாக இருந்தது. பதிவேட்டில் பதினொன்றே காலுக்கு ‘மாற்றமில்லை’ என்று மையில் எழுதியிருக்கிறது. பெட்டிக்குள் மாறியிருக்கிறது. இது புது முரண். இதற்கு இன்னொரு பெட்டி, இன்னொரு பத்தொன்பது வருடம் என்று சொல்லிவிட்டால்?

இயக்குநரை நான் குறைத்து மதிப்பிட்டுவிட்டேன்.

“பதிவேடு சரி” என்றார், மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க. “மாற்றமே நடக்கலை. இது எப்பவுமே பதினாலுதான். முரண் தீர்ந்தா அது தொடங்கின இடத்துலயே தீரும், தொகுதி பதினெட்டு. அதாவது அந்த வியாழக்கிழமையே தீர்ந்துடுச்சு. முரணே இருந்ததில்லை!”

“அப்ப ஏழு வாரமா இங்க என்ன வச்சிருந்தீங்க?” என்று கேட்டேன்.

“இல்லாத முரணைக் காப்பாத்தினோம். அதைவிடக் கஷ்டமான வேலை உண்டா தம்பி?”

இரண்டு நாளில் விழா. மேடையில் இயக்குநர், நகராட்சித் தலைவர், கண்ணாடிப் பெட்டி. முன்வரிசையில் நான், குழந்தையோடு அக்கா. பிறப்புப் பதிவாளர் அம்மா சான்றிதழைத் தானே கொண்டுவந்திருந்தார். அன்றைய தேதி, துடைத்த முத்திரை. பெயர் இருந்த இடத்தில் என் மனைவி வைத்த பெயர். தாயின் பெயர் இருந்த இடத்தில் தாயின் பெயர்.

இயக்குநர் ஒன்றேகால் மணி நேரம் பேசினார். “இந்த நிறுவனம் என்ன செய்ததுன்னு கேட்கறாங்க. நான் நெஞ்சை நிமிர்த்திச் சொல்றேன், ஒண்ணும் செய்யலை! செய்யக்கூடிய சந்தர்ப்பம் ஒவ்வொரு நாளும் வந்துச்சு. நாங்க நழுவ விட்டோம்! ஒரு தகப்பன் வந்து அழுதான். கல்லு மாதிரி இருந்தோம்! அந்தக் குழந்தை எடை ஏறிக்கிட்டே போச்சு. நம்பிக்கையை இழக்கலை!”

தலைகள் ஆடின. அடுத்த வருடத்திலிருந்து மருத்துவமனை, தீயணைப்பு நிலையம், பள்ளிக்கூடம் எல்லாவற்றிலும் கோட்பாட்டை அமல்படுத்தப் போவதாக நகராட்சித் தலைவர் அறிவித்தார். மருத்துவமனையில் அது ஏற்கெனவே அமலில் இருக்கிறது என்று நான் சொல்லவில்லை. வேறு வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டுத் தலைவர் முதலில் கிளம்பினார்.

“ஒரே ஒரு சம்பிரதாயம்” என்றார் இயக்குநர் என்னிடம். உதவியாளர் ஒரு காகிதத்தை என் மடிக்கு ஊதினார். சான்றிதழ் கையில் வர இதில் கையெழுத்துப் போட வேண்டும். ஒரே வரி: ‘14ஆம் தேதி நான் எதுவும் செய்யவில்லை.’

“பதினாலாம் தேதியா?”

“அன்னிக்குத்தானே தீர்ந்துச்சு. படிச்சுப் பார்த்துப் போடுங்க. பொய் எதுவும் இருக்கக் கூடாது.”

படித்தேன். நடைபாதையில் மூன்றாவது நாற்காலி. எதிரே பச்சைக் கதவு. நான் இரண்டு முறை எழுந்தேன். இரண்டு முறையும் உட்காரச் சொன்னார்கள். இரண்டு முறையும் உட்கார்ந்தேன்.

அந்தக் கட்டடத்தில் பொய் இல்லாத காகிதம் அது ஒன்றுதான். கையெழுத்துப் போட்டேன்.

சான்றிதழை வாங்கிக்கொண்டு நாங்கள் படிக்கட்டுக்கு வந்தபோது கீழே ஒரே கூச்சல். லிஃப்ட் மறுபடி நின்றுவிட்டது, அதே இரண்டுக்கும் மூன்றுக்கும் நடுவில். உள்ளே நகராட்சித் தலைவர் கதவைத் தட்டிக்கொண்டிருந்தார். சுற்றிலும் ஐம்பது பேர் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார்கள். குண்டர் பதிவேட்டைத் திறந்து வைத்திருந்தார்.

“மூச்சு முட்டுதுய்யா!” என்றது உள்ளிருந்து குரல்.

இயக்குநர் வியர்த்துப்போய் இப்படியும் அப்படியும் ஓடினார். நெஞ்சுக்கு முன்னால் அவருடைய கைகள் ஆடிக்கொண்டிருந்தன. அவருக்குக் கைகள் இருப்பதை அன்றுதான் பார்த்தேன். “நின்னு பார்க்கறீங்களேடா! எவனாவது கை வைங்கடா!” என்று கத்தினார்.

எல்லோரும் கல்வெட்டைப் பார்த்தார்கள்.

அக்கா என் தோளைத் தொட்டாள். “சுகாதார நிலையம் ஒரு மணிக்கு மூடிடும் மாப்பிள்ளை. வாங்க. அவருக்குத் தானா சரியாயிடும்.”

சொன்னபடியே செய்திருக்க வேண்டும். இரண்டு படி இறங்கவும் செய்தேன். ஆனால் மூடிய கதவுக்குப் பின்னால் யாரோ தட்டிக்கொண்டிருந்தார்கள். நான் வெளியே நின்றிருந்தேன்.

“ஒரு நிமிஷம் அக்கா” என்றேன். திருப்புளியை எடுத்தேன். கதவுத் தொடுப்பில் இந்த முறை விழா அழைப்பிதழ்.

லிஃப்ட் முனகிவிட்டு நகர்ந்தது. கதவு திறந்து நகராட்சித் தலைவர் சட்டை நனைந்து வெளியே விழுந்தார். இயக்குநரின் கைகள் பின்னால் போய்விட்டன.

“பார்த்தீங்களா!” என்றார் கூட்டத்திடம். “தானாவே!”

குண்டர் குனிந்து எழுதினார். தலைகள் ஆடத் தொடங்கியபோது நாங்கள் படியிறங்கிக்கொண்டிருந்தோம். மணி பன்னிரண்டே முக்கால். ஊசி போட்டதும் மகள் தெருக்கோடி வரைக்கும் கேட்கும்படி அழுதாள்.